பேராயர் ஜே. சி. ரைலின் பக்தி நூல்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ரைல் யார்? எந்தச் சபையைச் சேர்ந்தவர்?

ஜான் சார்ல்ஸ் ரைல் இங்கிலாந்து சபையின், அதாவது ஆங்கிலிக்கன் சபையின் குருவானவர். பெயரை ‘ரைல்’ என்றே உச்சரிக்க வேண்டும், ‘ரைலி’ அல்ல. 1816 மே 10 அன்று செஷயரில் உள்ள மாக்கிள்ஸ்ஃபீல்டில் பிறந்தார். தந்தை வங்கி நடத்தியவர், பாராளுமன்ற உறுப்பினராகவும் இருந்தவர். ஈட்டனிலும் ஆக்ஸ்ஃபோர்டிலும் படித்த ரைல் இரண்டு இடத்திலும் கிரிக்கெட் அணித் தலைவர். 1837இல் ஆலயத்தில் எபேசியர் 2ஆம் அதிகாரம் வாசிக்கப்படக் கேட்டார். “கிருபையினாலே விசுவாசத்தைக்கொண்டு இரட்சிக்கப்பட்டீர்கள்” என்ற வசனத்தை வாசித்தவர் நிறுத்தி நிறுத்தி வாசித்த விதம் ரைலின் மனதில் தைத்தது.

1841 ஜூனில் தந்தையின் வங்கி முறிந்து, குடும்பச் சொத்து முழுவதும் போயிற்று. அதே ஆண்டு டிசம்பரில் ரைல் ஊழியத்துக்கு அபிஷேகம் பெற்றார். ஹாம்ப்ஷயரில் எக்ஸ்பரி என்ற கிராமம், சில மாதங்கள் வின்செஸ்டர், 1844 முதல் சஃபோக்கில் ஹெல்மிங்ஹாம், 1861 முதல் அதே சஃபோக்கில் ஸ்ட்ராட்புரோக் என்று ஊழியம் செய்தார். 1880இல் லிவர்பூலின் முதல் பேராயரானார். 1900 மார்ச்சில் ஓய்வுபெற்று, அதே ஆண்டு ஜூன் 10 அன்று இறந்தார்.

இந்தத் தேதிகளில் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. அவருடைய முக்கியமான நூல்களில் பெரும்பாலானவை பேராயராவதற்கு முன், கிராமத்துக் குருவானவராக இருந்தபோது எழுதப்பட்டவை. ‘பேராயர் ரைல்’ என்று அட்டையில் பார்த்துவிட்டு அரியணையிலிருந்து வரும் குரலை எதிர்பார்க்காதீர்கள். அது வீடு வீடாகப் போய் நோயாளியைப் பார்த்த ஒரு குருவானவரின் குரல்.

அவர் எழுதத் தொடங்கியது எப்படி?

1845 மே 2 அன்று கிரேட் யார்மத் ஊரில், ஒரு சர்க்கஸ் கோமாளி தொட்டியில் உட்கார்ந்து வாத்துகள் இழுக்க ஆற்றில் வருவான் என்று விளம்பரம் செய்திருந்தார்கள். அதைப் பார்க்கத் தொங்குபாலத்தின் ஒரு பக்கமாகக் கூட்டம் நெருக்கியது. பாலத்தின் சங்கிலி அறுந்தது. 79 பேர் இறந்தார்கள், அவர்களில் பெரும்பாலோர் பிள்ளைகள். அந்தத் துயரத்தை ஒட்டித்தான் ரைல் தம் முதல் கைப்பிரதியை, அதாவது சிறு பக்திப் பிரசுரத்தை, எழுதினார். அதற்குப் பின் கைப்பிரதிகள் தொடர்ந்து வந்தன. அவருடைய பெரிய நூல்களில் பல, முன்பே தனித்தனியாக வெளியான கைப்பிரதிகளையும் பிரசங்கங்களையும் சேர்த்துக் கட்டியவை.

இதனால் வாசகருக்கு ஒரு வசதி: ஒவ்வொரு கட்டுரையும் தன்னளவில் முழுமையானது. ஒரு சிரமமும் உண்டு. ஒரே நூலைத் தொடர்ச்சியாக வாசித்தால் சில கருத்துகள் திரும்பத் திரும்ப வரும். அது கவனக்குறைவு அல்ல. ஒவ்வொரு கைப்பிரதியும் இதுவரை ஒன்றுமே கேட்டிராத ஒருவர் கையில் விழலாம் என்று எண்ணி எழுதியவர் அவர்.

எதிலிருந்து தொடங்கலாம்?

‘ஹோலினஸ்’ (பரிசுத்தம்) நூலிலிருந்து தொடங்க வேண்டாம். அது அவருடைய மிகப் புகழ்பெற்ற நூல், அதனால்தான் பலரும் அதை முதலில் எடுக்கிறார்கள். நாற்பது பக்கத்தில் நின்றும் விடுகிறார்கள்.

முதலில், ஜெபத்தைப் பற்றிய சிறு நூலான ‘எ கால் டு பிரேயர்’. ஒரே மாலையில் முடித்துவிடலாம். அடுத்து மாற்கு சுவிசேஷ விளக்கம். தினம் ஒரு பகுதி. அதற்கு அடுத்தது 1878இல் வந்த ‘பிராக்டிகல் ரிலிஜன்’. இதில் 21 கட்டுரைகள்: ஆத்தும சோதனை, வேதவாசிப்பு, திருவிருந்து, வைராக்கியம், ஐசுவரியமும் தரித்திரமும், வியாதி, நித்தியம் என்று அன்றாட வாழ்க்கையைத் தொடுபவை. இங்கே எந்த வரிசையிலும் வாசிக்கலாம். இவ்வளவும் பழகியபின் ‘ஹோலினஸ்’ கையில் எடுத்தால் அவர் பேசும் விதம் பழகியிருக்கும், கடுமைக்குப் பின்னால் இருக்கும் கரிசனை தெரிந்திருக்கும்.

சுவிசேஷ விளக்கங்களைக் குடும்ப ஜெபத்தில் பயன்படுத்துவது எப்படி?

அவை அதற்காகவே எழுதப்பட்டவை. ‘எக்ஸ்போசிட்டரி தாட்ஸ்’ என்ற இந்த வரிசையில் மத்தேயு 1856இலும் மாற்கு 1857இலும் வந்தன. அடுத்து லூக்கா இரண்டு தொகுதிகள். யோவான் மூன்று தொகுதிகள், 1873இல் முடிந்தன. மொத்தம் 7. குடும்ப ஜெபம், நோயாளிகளைச் சந்தித்தல், தனி வாசிப்பு ஆகிய மூன்றுக்கும் என்று ரைலே முன்னுரையில் சொல்கிறார். சராசரியாக 12 வசனங்களை ஒரு பகுதியாக எடுத்து, அதிலிருந்து இரண்டு மூன்று பாடங்களை மட்டும் சொல்வது அவர் வழி.

நான்கு சுவிசேஷங்களிலும் சேர்த்து ஏறக்குறைய 3,780 வசனங்கள். பகுதிக்கு 12 என்றால் 315 பகுதிகள் அளவில் வரும். தினம் ஒன்று வாசித்தால், தவறவிடும் நாட்களையும் சேர்த்து, ஓர் ஆண்டுக்குள் முடியும். மாற்கு மட்டும் என்றால் இரண்டு மாதம்.

வீட்டில் 20 நிமிடம் போதும். வேதபகுதியை வீட்டில் ஒருவர் தமிழில் வாசிக்கட்டும். முடிந்தால் பிள்ளைகள் முறை வைத்து வாசிக்கட்டும். விளக்கத்தை முழுவதும் சத்தமாக வாசித்தால் 8 முதல் 12 நிமிடம் ஆகும். சிறு பிள்ளைகள் இருந்தால் முதல் பாடத்தை மட்டும் அன்று வாசித்து, மற்றதை மறுநாளுக்கு வையுங்கள். ஆங்கிலப் பிரதியை வைத்துக்கொண்டு அங்கேயே தமிழில் சொல்வதானால், வாசிப்பவர் முன்கூட்டியே ஒருமுறை பார்த்திருக்க வேண்டும். பார்க்காமல் போனால் நீண்ட வாக்கியத்தின் நடுவில் சிக்கி, கேட்பவர்களின் கவனம் போய்விடும். கடைசியில் அன்றைய பாடத்திலிருந்தே ஒரு சிறு ஜெபம்.

பலர் தவறுவது யோவானில். அந்தத் தொகுதிகளில் விளக்கத்துக்குப் பின் வசனம் வசனமாக நீண்ட குறிப்புகள் வருகின்றன: கிரேக்கச் சொல், பழைய உரையாசிரியர்களின் கருத்து வேறுபாடு, தீர்க்க முடியாத கேள்விகள். அவை பிரசங்கம் ஆயத்தம் செய்பவருக்குப் பொக்கிஷம். சாப்பாட்டு மேசையைச் சுற்றி உட்கார்ந்திருப்பவர்களுக்கு வேண்டாம். பெரிய எழுத்தில் உள்ள விளக்கம் முடிந்ததும் நிறுத்திவிடுங்கள்.

‘ஹோலினஸ்’ எதற்காக எழுதப்பட்டது?

1874இல் ஆக்ஸ்ஃபோர்டிலும் 1875இல் பிரைட்டனிலும் பரிசுத்த வாழ்க்கை மாநாடுகள் நடந்தன. 1875இல்தான் கெஸ்விக் மாநாடும் தொடங்கியது. போராட்டம் வேண்டாம், முழுவதும் ஒப்புக்கொடுத்து விசுவாசத்தால் இளைப்பாறினால் போதும், பாவத்தின்மேல் வெற்றி வரும் என்ற போதனை அந்த மேடைகளில் பரவியது. ரைல் 1877இல் ‘ஹோலினஸ்’ நூலை வெளியிட்டு, 1879இல் விரிவாக்கினார். முன்னுரையில் அந்தப் போதனையிடம் 7 கேள்விகளை வைக்கிறார். ஆட்களின் பெயரைச் சொல்லித் தாக்கவில்லை. பரிசுத்தத்தை நாடும் தாகத்தைப் பாராட்டிவிட்டுத்தான், வழி சரியா என்று கேட்கிறார்.

அவருடைய பதிலின் சாரம் ‘போராட்டம்’ என்ற கட்டுரையில் இருக்கிறது: “விசுவாசத்தின் நல்ல போராட்டத்தைப் போராடு” என்று பவுல் தீமோத்தேயுவுக்கு எழுதியது நேற்று மனந்திரும்பினவனுக்கு மட்டுமல்ல, கடைசி மூச்சுவரை உள்ளது. ரோமர் 7இல் ‘நான் வெறுக்கிறதையே செய்கிறேன்’ என்று பேசுகிறவன் அவிசுவாசி அல்ல, முதிர்ந்த விசுவாசியே என்பதும் அவர் பிடிவாதமாக நிற்கும் இடம்.

தமிழ்க் கிறிஸ்தவர்களுக்கு இது தூரத்துச் சண்டை அல்ல. கெஸ்விக் மாநாட்டின் ஆதரவில் அனுப்பப்பட்ட முதல் மிஷனெரி ஏமி கார்மைக்கேல். 1895இல் இந்தியா வந்து, பின் டோனாவூரில் தங்கியவர். ‘முழு ஒப்புக்கொடுத்தல்’ என்ற சொல்லோடு வளர்ந்த வாசகர்கள் இங்கே பலர். அப்படிப்பட்டவர் இந்த முன்னுரையைப் பொறுமையாக, ஒவ்வொரு கேள்வியாக வாசித்து, தாம் கேட்ட போதனையோடு ஒப்பிட்டுப் பார்ப்பது பயனுள்ளது.

நீதிமானாக்கப்படுதலையும் பரிசுத்தமாக்கப்படுதலையும் ஏன் இவ்வளவு பிரித்துப் பேசுகிறார்?

ரைலின் எல்லா நூல்களுக்கும் அச்சாணி இதுதான். ஒன்றோடொன்று கலந்தால் ஆறுதலும் கெடும், ஒழுக்கமும் கெடும் என்று அவர் உறுதியாக நம்பினார். முதலாவது, கிறிஸ்துவின் நீதி நம்முடைய கணக்கில் எண்ணப்படுவது; அது ஒரே தரம் முழுமையாக முடிகிறது, இன்று மனந்திரும்பினவனுக்கும் அப்போஸ்தலனுக்கும் ஒரே அளவு. இரண்டாவது, பரிசுத்த ஆவியானவர் நமக்குள் செய்யும் வேலை. அது வளரும், தளரும், இந்த உலகில் முடிவடையாது. இரண்டும் ஒரே ஆளிடத்தில் சேர்ந்தே இருக்கும். ஒன்று இருந்து மற்றது இல்லாமற்போகாது.

தமிழ் வாசகருக்கு இங்கே தனியாக ஒரு சிக்கல் உண்டு. ‘நீதிமானாக்கப்படுதல்’ என்ற நம் சொல்லில் ‘ஆக்கு’ இருப்பதால், உள்ளே மாற்றப்படுவது என்று காதில் விழுகிறது. ரைல் சொல்ல வருவது அதற்கு நேர் எதிர். ரோமர் 4:3ஐப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்: ஆபிரகாம் விசுவாசித்தது “அவனுக்கு நீதியாக எண்ணப்பட்டது”. அந்த ‘எண்ணப்பட்டது’ என்ற சொல்லை மனதில் வைத்து வாசித்தால் அவருடைய வாதம் தெளிவாகும்.

‘ஹோலினஸ்’ நூலின் மூன்றாம் கட்டுரையை வாசித்தபின் நான் இரட்சிக்கப்பட்டேனா என்றே சந்தேகம் வருகிறது. என்ன செய்வது?

இந்தக் கேள்வி அடிக்கடி வருகிறது, காரணமும் ஒன்றுதான். எபிரெயர் 12:14ஐ வைத்து எழுதிய அந்தக் கட்டுரையில், பரிசுத்தமான மனிதனின் அடையாளங்கள் 12ஐ ரைல் அடுக்குகிறார்: அறிந்த பாவத்தை விலக்குதல், சாந்தம், இச்சையடக்கம், அன்பு, இரக்கம், இருதயச் சுத்தம், தேவபயம், மனத்தாழ்மை, கடமைகளில் உண்மை என்று நீள்கிறது. வாசகர் ஒவ்வொன்றையும் தன்மேல் வைத்துப் பார்த்து, எதிலும் தேறவில்லை என்று மூடிவிடுகிறார்.

இரண்டு தவறுகள் இங்கே நடக்கின்றன. ஒன்று, பாவத்தையும் பரிசுத்தமாக்கப்படுதலையும் பற்றிய முதல் இரண்டு கட்டுரைகளைத் தாண்டி நேராக இங்கே வந்திருப்பார்கள். இரண்டு, பட்டியல் முடிந்த உடனே வரும் பத்திகளை வாசித்திருக்கமாட்டார்கள். உள்ளே பாவம் குடியிருப்பதைப் பரிசுத்தம் முற்றிலும் நீக்கிவிடாது, மிகப் பெரிய பரிசுத்தவான்களும் இதை நினைத்து அழுதவர்கள், இது படிப்படியான வேலை என்று ரைல் அங்கே சொல்கிறார். பட்டியலைத் தேர்வுத்தாளாக எடுக்காதீர்கள். எந்தத் திசையில் நடக்கிறோம் என்று பார்க்க அது உதவும்.

மனம் கலங்கியிருந்தால், உடனே நிச்சயத்தைப் பற்றிய ஏழாம் கட்டுரைக்குப் போங்கள். விசுவாசம் வேர், நிச்சயம் பூ என்று அங்கே விளக்குகிறார்: பூ இன்னும் வராத செடியிலும் வேர் உயிரோடிருக்கும். நிச்சயம் இல்லாமலேயே ஒருவர் உண்மையான விசுவாசியாக இருக்கலாம். ஆனாலும் அது நாடத்தக்கது. அது ஏன் அரிதாக இருக்கிறது என்பதற்கு மூன்று காரணங்கள் சொல்கிறார்: நீதிமானாக்கப்படுதலையும் பரிசுத்தமாக்கப்படுதலையும் குழப்பிக்கொள்வது, கிருபையில் வளர சோம்பல், வாழ்க்கையில் முன்னுக்குப்பின் முரண். பெரும்பாலும் முதல் காரணமே நம்மிடம் வேலை செய்கிறது.

ஜெபத்தைப் பற்றிய நூலில் என்ன இருக்கிறது?

‘ஜெபிக்கிறீர்களா?’ என்ற ஒரே கேள்வி. அதைக் கேட்க 7 காரணங்கள் தருகிறார். ஜெபம் இரட்சிப்புக்கு அவசியம் என்பதில் தொடங்கி, ஜெபத்தை விட்டதே பின்மாற்றத்துக்குக் காரணம் என்றும், சந்தோஷத்துக்கு ஜெபமே சிறந்த மருந்து என்றும் முடிக்கிறார். பின்பு, ஏற்கெனவே ஜெபிப்பவர்களுக்கான ஆலோசனைகள்: பயபக்தி, ஒழுங்கு, விடாமுயற்சி, ஊக்கம், பிறருக்காக வேண்டுதல், நன்றி முதலியன. உபவாச ஜெபக் கூட்டத்தில் முழுவதையும் வாசிக்க நேரமிராது. அந்த ஆலோசனைகளில் ஒன்றை மட்டும் எடுத்து ஐந்து நிமிடம் பேசி, உடனே அதன்படி ஜெபிப்பது நல்லது. ‘பொதுவாக ஆசீர்வதியும்’ என்று விடாமல் குறிப்பிட்டுக் கேளுங்கள் என்ற ஆலோசனை நம் ஜெபக் கூட்டங்களுக்கு மிகவும் தேவை.

ஆஸ்பத்திரியில் நோயாளிக்கு வாசிக்கலாமா?

வாசிக்கலாம், ஆனால் எதை வாசிக்கிறோம் என்பதில் கவனம் வேண்டும். ‘வியாதி’ என்ற கட்டுரை “ஆண்டவரே, நீர் சிநேகிக்கிறவன் வியாதியாயிருக்கிறான்” என்று லாசருவின் சகோதரிகள் அனுப்பின செய்தியை வைத்து எழுதப்பட்டது. அதில் வியாதியால் வரும் 5 நன்மைகளைச் சொல்கிறார்: மரணத்தை நினைப்பூட்டுகிறது, தேவனை நினைக்கவைக்கிறது, மனதை இளக்குகிறது, பெருமையைத் தாழ்த்துகிறது, பக்தியைச் சோதித்துக் காட்டுகிறது. இவை எல்லாம் உண்மை. ஆனால் வலியில் துடிப்பவர் கட்டிலருகில் நின்று முதலில் சொல்ல வேண்டியவை அல்ல. இந்தப் பகுதி சுகமாயிருப்பவர் தன்னை ஆயத்தப்படுத்திக்கொள்ள வாசிக்க வேண்டியது. கட்டுரையின் கடைசியில் சொல்லப்படும் கடமைகளில் ஒன்றும் வியாதிப்பட்ட மற்றவர்களுக்கு உதவ ஆயத்தமாயிருப்பதுதான்.

நோயாளிக்கு மாற்கு 5ஆம் அதிகார விளக்கத்திலிருந்து, யவீருவின் மகள் அல்லது பெரும்பாடுள்ள ஸ்திரீ பற்றிய ஒரு பத்தி போதும். வேதவசனத்தை முதலில், விளக்கத்தைப் பின்னால். மூன்று நிமிடத்துக்கு மேல் வேண்டாம். வார்டில் மற்றவர்களும் இருப்பார்கள் என்பதால் தாழ்ந்த குரலில் வாசியுங்கள். நோயாளி களைத்திருந்தால் வசனத்தோடு நிறுத்துங்கள்.

வாலிபர் ஐக்கியத்துக்கும் பெற்றோருக்கும் ஏதாவது உண்டா?

‘தாட்ஸ் ஃபார் யங் மென்’ வாலிபருக்கு. பெருமை, சிற்றின்பம், சிந்தனையின்மை, பக்தியை ஏளனம் செய்தல், மனிதர் என்ன நினைப்பார்களோ என்ற பயம் என 5 ஆபத்துகள். ஐந்து வாரப் பாடமாகப் பிரிக்கலாம். ஐந்தாவதில் நேரம் எடுங்கள். பெற்றோருக்கு, நீதிமொழிகள் 22:6ஐ வைத்து 17 ஆலோசனைகள் கொண்ட சிறு நூல் உண்டு.

அவர் குழந்தை ஞானஸ்நானத்தை ஏற்றாரா? மற்றச் சபைகளை ஏன் கடிந்து பேசுகிறார்?

ஏற்றார். குழந்தைகளுக்கு ஞானஸ்நானம் கொடுத்தார், அதை வேதத்திலிருந்து ஆதரித்தும் எழுதினார். ஆனால் ஞானஸ்நானம் பெற்ற எல்லாரும் அதனாலேயே மறுபடி பிறந்துவிட்டார்கள் என்ற கருத்தை உறுதியாக மறுத்தார். ஞானஸ்நானம் பெற்ற குழந்தை மறுபடி பிறந்தது என்று ஆங்கிலிக்கன் ஜெபபுத்தகத்தில் உள்ள வார்த்தைகள் விசுவாசத்தோடு கேட்கும் நம்பிக்கையின் வார்த்தைகள் என்பது அவர் விளக்கம். சி.எஸ்.ஐ. (தென்னிந்தியத் திருச்சபை) வாசகர்கள் இதில் தங்கள் வழக்கத்தின் நியாயத்தையும், அதில் பொய்யாக நிம்மதியடையக் கூடாது என்ற எச்சரிக்கையையும் சேர்த்தே காணலாம்.

1874இல் வந்த ‘நாட்ஸ் அன்டைட்’ போன்ற நூல்களில் ரோமன் கத்தோலிக்கரையும், இங்கிலாந்து சபைக்குள் அவர்களுடைய ஆராதனை முறைகளைக் கொண்டுவர விரும்பினவர்களையும் கடுமையாக எதிர்க்கிறார். அது 19ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தின் போராட்டம். கோட்பாட்டை அறிய அந்த நூல்களை வாசியுங்கள். அதன் கடுஞ்சொற்களை எடுத்துவந்து பக்கத்துத் தெருக் கத்தோலிக்க குடும்பத்தோடு பேசாதீர்கள். பக்தி வாசிப்புக்கு அவை தேவையும் இல்லை.

தமிழில் மொழிபெயர்க்க விரும்புகிறோம். எங்கே தவறு நடக்கிறது?

முதல் தவறு, நடையை உயர்த்துவது. ஆக்ஸ்ஃபோர்டில் முதல் வகுப்பு வாங்கியவர், உழவர்களுக்குப் புரிய வேண்டும் என்று தம் நடையைத் தாமே உடைத்து எளிமையாக்கினார். எளிய பிரசங்கத்தைப் பற்றிய ஓர் உரையில் 5 ஆலோசனை சொல்கிறார்: பொருள் உங்களுக்குத் தெளிவாயிருக்கட்டும், எளிய சொல், எளிய வாக்கியம், ‘நான்’ ‘நீங்கள்’ என்று நேரே பேசுதல், உவமைகள். மூச்சு வாங்குகிறவன் பேசுவதுபோல வாக்கியத்தைச் சிறிதாக நிறுத்தச் சொன்னவரைச் சமஸ்கிருதச் சொற்கோவையில் போட்டுப் புதைக்கக் கூடாது.

இரண்டாவது, திரும்ப வரும் சொல்லை மாற்றுவது. ‘ஹோலினஸ்’ நூலில் லோத்தைப் பற்றிய கட்டுரை முழுவதும் ஆதியாகமம் 19:16இல் அவன் ‘தாமதித்தான்’ என்ற ஒரே செய்தியைச் சுற்றி நிற்கிறது. அழகுக்காக ஓரிடத்தில் ‘தயங்கினான்’, வேறிடத்தில் ‘காலம் கடத்தினான்’ என்று எழுதினால் அடி விழும் இடமெல்லாம் மழுங்கிப்போகும். தமிழ் வேதாகமத்தில் உள்ள சொல்லையே கடைசிவரை பிடியுங்கள்.

மூன்றாவது, விளிப்பு. ‘நீ’ என்று எழுதினால் இன்றைய வாசகருக்கு அதட்டலாகப் படும், ‘நீங்கள்’ போதும். வேதவசனங்களில் உள்ளபடியே விடுங்கள். ஒவ்வொரு கட்டுரையின் முடிவிலும் மனந்திரும்பாதவர், தேடுகிறவர், விசுவாசி என்று தனித்தனியாகப் பேசும் பகுதியைப் பக்கம் மிச்சப்படுத்த வெட்டிவிடுகிறார்கள். கட்டுரை அங்கே போய்ச் சேரத்தான் எழுதப்பட்டது. வெட்டவேண்டுமானால் நடுவில் உள்ள மேற்கோள்களில் வெட்டுங்கள். வரைவை யாராவது சத்தமாக வாசிக்க, எழுதினவர் கேட்கவேண்டும். வாசிப்பவர் தடுமாறும் இடத்தில் வாக்கியத்தை இரண்டாக்குங்கள்.

அச்சிட அனுமதி வேண்டுமா? எந்தப் பதிப்பு முழுமையானது?

1900இல் இறந்தவர் என்பதால் மூல ஆங்கில நூல்களுக்குக் காப்புரிமை இல்லை. ஆனால் பிற்காலத்தவர் எழுதிய முன்னுரை, நவீன ஆங்கிலத்துக்கு மாற்றிய வடிவம், இன்னொருவரின் தமிழ் மொழிபெயர்ப்பு ஆகியவற்றுக்குத் தனி உரிமை இருக்கும். இந்தியாவில் அது எழுதினவர் இறந்தபின் 60 ஆண்டுகள், இலங்கையில் 70. ஆகவே 19ஆம் நூற்றாண்டுப் பதிப்பிலிருந்து நேரடியாக மொழிபெயர்ப்பதே பாதுகாப்பு.

‘ஹோலினஸ்’ வாங்கும்போது பொருளடக்கத்தைப் பாருங்கள். விரிவான பதிப்பில் ‘பாவம்’ தொடங்கி ‘கிறிஸ்துவே எல்லாம்’ வரை 20 கட்டுரைகளும், கடைசியில் பழைய எழுத்தாளர்களின் பகுதிகளும் இருக்கும். அந்த 7 கேள்விகள் உள்ள முன்னுரையும் இருக்கிறதா என்று பாருங்கள்.

வாட்ஸ்அப்பில் ரைல் பெயரில் வரும் வாசகங்களை நம்பலாமா?

நூலும் கட்டுரையும் குறிப்பிடப்படாவிட்டால் பகிர வேண்டாம். அவருடைய மூல நூல்கள் இணையத்தில் இலவசமாகக் கிடைப்பதால், ஆங்கில வாசகத்தின் நான்கைந்து சொற்களை மேற்கோள்குறிக்குள் போட்டுத் தேடினால் சில நிமிடத்தில் தெரிந்துவிடும். கண்டுபிடித்தாலும் முன்னும் பின்னும் ஒரு பக்கம் வாசியுங்கள். எச்சரிக்கையைத் தனியாக வெட்டிப் போட்டால் அவர் கொடூரமானவராகத் தெரிவார், ஆறுதலைத் தனியாகப் போட்டால் எதையும் கேட்காதவராகத் தெரிவார். அவர் பக்கங்களில் இரண்டும் அடுத்தடுத்த பத்திகளில் இருக்கும். பிரசங்கத்தில் மேற்கோள் காட்டுகிறவர்கள் இரண்டு பத்தியையும் சேர்த்தே வாசிக்க வேண்டும்.